வேறு கடை மோதிரம் என்றால் கை நடுங்குவது ஏன்?

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வாசகர் கடிதங்கள் பகுதியில் திண்டுக்கல் வாசகி ஒருவர் எழுதியிருந்ததைப் படித்தேன். நிச்சயதார்த்தத்தன்று மாப்பிள்ளை வீட்டார் போட்ட வைர மோதிரத்தில் கல் ஆடுகிறதாம். வாங்கியது சென்னை தியாகராய நகரில். உள்ளூரில் அவர் ஏறி இறங்கிய கடைகளிலெல்லாம் “இது எங்க நகை இல்லையேம்மா, வாங்குன கடையிலயே குடுத்துருங்க” என்று அனுப்பிவிட்டார்கள். ‘எந்தக் கடையில் வாங்கிய பழைய நகையானாலும் எடுத்துக்கொள்கிறோம்’ என்று வாசலில் போர்டு வைத்திருக்கிறவர்களுக்கு, அதே நகையைப் பழுது பார்க்க மட்டும் கை நடுங்குவது ஏன் என்று கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. எல்லாக் கடைக்காரர்களும் கூட்டுச் சேர்ந்துகொண்டு மக்களை அலைய விடுகிறார்கள் என்று அவர் முடித்திருந்ததைத்தான் என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை.

நான் மதுரையில் தெற்கு ஆவணி மூல வீதியை ஒட்டிய ஒரு நகைக்கடையில் ரிப்பேர் கவுண்டரைப் பார்த்துக்கொள்கிறேன். விளக்கு வெளிச்சமெல்லாம் முன்பக்கம், புது நகை விற்கிற இடத்தில். என் மேஜை மாடிப்படிக்குக் கீழே. அதன்மேல் மில்லிகிராம் காட்டும் தராசு, பத்து மடங்கு பெருக்கிக் காட்டும் லென்ஸ், பாலித்தீன் உறைகள், ரசீதுப் புத்தகம். அறுந்த சங்கிலி, திருகு தேய்ந்த தோடு, பிள்ளை கடித்து நசுக்கிய அரைஞாண், கல் விழுந்த மோதிரம் எல்லாம் முதலில் வருவது என்னிடம்தான். கூட்டுச் சேருமளவுக்கு இந்த வீதியில் கடைக்காரர்களுக்குள் ஒற்றுமை கிடையாது. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக இருப்பது பயம். அந்தப் பயத்துக்குக் காரணம் உண்டு. அதைத் தீர்க்கிற வழி மிகவும் சுலபம், ஆனாலும் யாரும் செய்வதில்லை.

தங்கத்தைப் பற்றி எங்களுக்குப் பயமில்லை. 2021 ஜூலையிலிருந்து ஹால்மார்க் நகையில் மூன்று குறிகள் இருக்கின்றன: இந்திய தர நிர்ணய அமைவனத்தின் முத்திரை, தூய்மையைச் சொல்லும் எண், எழுத்தும் எண்ணும் கலந்த ஆறு இலக்க அடையாளக் குறி. 2023 ஏப்ரல் 1 முதல் இந்த ஆறு இலக்கம் இல்லாமல் ஹால்மார்க் நகை விற்கக் கூடாது. வைர மோதிரங்கள் பெரும்பாலும் 18 காரட்டில்தான் செய்கிறார்கள். வளையத்தின் உள்பக்கம் லென்ஸ் வைத்துப் பார்த்தால் 18கே750 என்று தெரியும், அதாவது ஆயிரத்தில் 750 பங்கு தங்கம். அந்த அமைவனத்தின் பிஐஎஸ் கேர் செயலியில் ஆறு இலக்கத்தைத் தட்டினால் எந்தக் கடை முத்திரைக்குக் கொடுத்தது, எந்த மையத்தில் சோதித்தார்கள், என்ன தூய்மை, மோதிரமா வளையலா என்பதெல்லாம் வந்துவிடும். வேறு கடை நகை என்றாலும் ஒரு நிமிட வேலை. (இரண்டு கிராமுக்குக் குறைந்த நகைக்கு ஹால்மார்க் கட்டாயமில்லை. மெல்லிய மோதிரத்தில் குறி இல்லையே என்று உடனே பதற வேண்டாம்.) முத்திரையில் சொன்னதைவிடத் தூய்மை குறைவாக இருந்தால், குறைந்த அளவுக்கான தொகையைப் போல இரண்டு மடங்கும் சோதனைக் கட்டணமும் விற்றவர்தான் தர வேண்டும் என்று அமைவனத்தின் 2018-ம் ஆண்டு விதி சொல்கிறது. பழுது பார்க்கிறவர் தலையில் அது விழாது.

பயமெல்லாம் கல்லைப் பற்றித்தான். ஹால்மார்க் தங்கத்துக்கு மட்டுமே சான்று. நடுவில் உட்கார்ந்திருக்கிற வெள்ளைக் கல் என்ன என்று அது ஒரு வார்த்தை சொல்லாது. வைரமா, திருச்சிப் பக்கம் பட்டை தீட்டுகிறார்களே அந்த ஏடி (அமெரிக்கன் டைமண்ட்) கல்லா, வைரம் போலவே மின்னுகிற மொய்சனைட் என்ற செயற்கைக் கல்லா, ஆய்வுக்கூடத்தில் வளர்த்த வைரமா? கையடக்கமாக ஒரு சோதனைக் கருவி இருக்கிறது. முனையைக் கல்லில் வைத்தால், கல் எவ்வளவு வேகமாகச் சூட்டைக் கடத்துகிறது என்று பார்த்து, வைரம் என்றால் ‘கீ’ என்று கத்தும். ஏடி கல்லுக்குக் கத்தாது. மொய்சனைட்டிடம் ஏமாந்துபோய்க் கத்திவிடும். ஆய்வுக்கூட வைரத்துக்கும் கத்தும், அதுவும் வைரம்தானே. பூமிக்கடியில் விளைந்ததா, மெஷினில் விளைந்ததா என்று பிரித்துச் சொல்கிற பெரிய கருவி எங்களைப் போன்ற கடைகளில் கிடையாது. விலையிலோ மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம்.

என்ன கல் என்று தெரியாமலேயே வாங்கியவர்கள் உண்டு. மாப்பிள்ளை சொன்னது ஒன்று, மோதிரத்தில் இருப்பது ஒன்று என்றும் பார்த்திருக்கிறேன். எங்களிடம் கல்லை இறுக்கி வாங்கிப்போன பிறகு வேறெங்காவது சோதித்து, ‘இது வைரமே இல்லை’ என்று தெரியவந்தால் பழி கடைசியாகத் தொட்டவர்மேல்தான். பக்கத்துத் தெருவில் ஒரு கடையில் இப்படித்தான் ஆனது. கல்லை மாற்றிவிட்டார்கள் என்று வாடிக்கையாளர் வீட்டில் பத்துப் பேர் வந்து நின்றார்கள். மாற்றவே இல்லை என்று கடைக்காரர் சத்தியம் செய்தார். இரண்டு பக்கமும் காட்டுவதற்கு இருந்தது ஒரு துண்டுச் சீட்டு: ‘மோதிரம் 1, ரிப்பேர், புதன் மாலை’. எடை இல்லை, கல் என்ன என்று இல்லை, எத்தனை கல் என்றுகூட இல்லை. யார் சொன்னது உண்மை என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது. அந்தக் கடை பணம் கொடுத்து வாயை அடைத்தது. மறுநாளிலிருந்து எங்கள் முதலாளி உள்பட இந்த வட்டாரத்தில் பலரும் வேறு கடைக் கல் நகையை வாங்குவதை நிறுத்திவிட்டார்கள். சீட்டை ஒழுங்காக எழுதலாம் என்று மட்டும் ஒருவருக்கும் தோன்றவில்லை.

கல் மாறுவது ஒரு பக்கம் என்றால், உடைவது இன்னொரு பக்கம். கல்லைப் பிடித்திருக்கிற கொக்கிக்கு அடியில், கல்லில் முன்பே ஒரு சின்னச் சில்லு பெயர்ந்திருக்கும். கொக்கியைத் தூக்கினால்தான் அது தெரியும், தெரிந்ததும் ‘நீங்கதான் உடைச்சீங்க’. வைரம் எதற்கும் அசையாது என்கிற நம்பிக்கையும் தவறு. திறந்த நெருப்பில் மேற்பரப்பு கருகிப் பால் படர்ந்தாற்போல் மங்கும். அதனால்தான் பத்தர்கள் ஊதுவதற்கு முன் கல்லைப் போரிக் அமிலக் கரைசலில் முக்கி எடுக்கிறார்கள், அல்லது கல்லைக் கழற்றி வைத்துவிட்டு வேலையை ஆரம்பிக்கிறார்கள். மரகதத்துக்கு நெருப்பும் ஆகாது, அல்ட்ராசோனிக் தொட்டியில் போட்டுக் குலுக்கிக் கழுவுவதும் ஆகாது. முத்து, பவளத்துக்கும் அப்படியே. மோதிரம் வெள்ளையாக இருந்தால் அது பிளாட்டினமா வெள்ளைத் தங்கமா என்பதையும் முதலில் தெரிந்துகொள்ள வேண்டும். தங்கம் 1064 டிகிரியில் உருகும், பிளாட்டினம் 1768 டிகிரியில். ஒன்றுக்கு வைக்கிற நெருப்பை இன்னொன்றுக்கு வைக்க முடியாது. வெள்ளைத் தங்கம் என்றதும் ஞாபகம் வருகிறது: “மோதிரம் மஞ்சளாகுது, ஏமாத்திட்டாங்க” என்று மாதத்துக்கு ஒருவராவது வருகிறார்கள். அந்தப் பளிச் வெள்ளை மேலே ஏற்றிய ரோடியம் முலாம். தினமும் போட்டால் தேயும், மறுபடி ஏற்றிக்கொள்ளலாம். தங்கம் மஞ்சளாக இருப்பதற்கா புகார் என்று எங்கள் தராசுக்காரத் தம்பி சிரிப்பான்.

இனி, வாங்கிய கடைக்கே போ என்கிற அறிவுரையைப் பார்ப்போம். அங்கே போனால் அந்தக் கடைக்காரரே உட்கார்ந்து கல் இறுக்குகிறார் என்று நினைத்துக்கொள்கிறோம். சொந்தப் பட்டறை வைத்திருக்கிற பெரிய நிறுவனங்கள் உண்டுதான். மற்றபடி நகை பின்வாசல் வழியாக வெளியே போய்த்தான் திரும்புகிறது. எங்களுக்குக் கல் பதித்துத் தருகிற அண்ணன் இதே வட்டாரத்தில் ஒரு மாடியறையில் இருக்கிறார். அவர் பலகையில் எப்போது பார்த்தாலும் வேறு வேறு கடைகளின் பெயர் போட்ட உறைகள் வரிசையாக இருக்கும். மூன்று ஆஸ்பத்திரியில் போய்ப் பார்க்கிற ஒரே டாக்டர் மாதிரி. “எங்க நகையை மத்தவங்க தொட்டா கெட்டுப்போகும்” என்று ஷோரூமில் சொல்கிறவர்களின் உறையும் அதில் கிடக்கும். அவரிடம் இதைச் சொன்னால், “பேர் ஒறைக்குத்தான்மா, கொக்கிக்கு எந்தக் கடைன்னு தெரியவா போகுது” என்பார்.

வேறு கடைக்கு வருகிறவர்கள் ஏன் வருகிறார்கள் என்பதைத் திண்டுக்கல் வாசகி எழுதவில்லை. எழுத முடியாமல்கூட இருந்திருக்கலாம். என் கவுண்டருக்கு நிச்சயதார்த்த மோதிரத்தோடு வருகிற பெண்கள் பெரும்பாலும் மதிய இடைவேளையில்தான் வருகிறார்கள். தனியாக வருவார்கள். மோதிரம் கைப்பையில் சின்ன பர்ஸுக்குள், அதற்குள் ஒரு டிஷ்யூவில் சுற்றியிருக்கும். கழுத்தில் ஆஸ்பத்திரியின் அடையாள அட்டையோ பள்ளிக்கூடத்தின் அட்டையோ தொங்கும். “அக்கா, இது உங்க கடைல வாங்குனது இல்ல. கல்லு ஒண்ணு விழுந்துருச்சு. அதே மாதிரி வச்சுத் தர முடியுமா? அவங்க வீட்டுக்குத் தெரியக் கூடாது.” இதுதான் முக்கால்வாசிப் பேர் பேசுகிற முதல் பேச்சு.

மோதிரத்தைப் போட்டது மாப்பிள்ளை வீடு. பில் மாமியார் பீரோவில். வைரச் சான்றிதழும் அதே பீரோவில். வாங்கிய கடைக்குப் போனால் முதலில் கேட்பது செல்போன் நம்பர். பில் எந்த நம்பரில் இருக்கிறதோ அந்த நம்பருக்குத்தான் ‘உங்கள் நகை சர்வீசுக்குப் பெறப்பட்டது’ என்று குறுஞ்செய்தி போகும். அந்த நம்பர் மாமனாருடையது, அல்லது கல்யாணத்துக்கு முன்னால் நின்று எல்லாம் செய்த நாத்தனாருடையது. நிச்சயம் பண்ணிய மோதிரத்தில் கல் விழுந்தது என்றால் சகுனம் சரியில்லை என்று சொல்ல எல்லா வீட்டிலும் ஒரு பெரியம்மா இருக்கிறார். மாவு பிசைந்தது, ஸ்கூட்டர் கைப்பிடியில் உரசியது, புடவை நூல் மாட்டி இழுத்தது என்று கொக்கி தேய ஆயிரம் காரணம். அதையெல்லாம் கூடத்தில் உட்கார்ந்து யாரிடம் விளக்குவது? இவர்களிடம் ‘வாங்கிய கடைக்கே போங்கள்’ என்றால், கல் இல்லாத மோதிரத்தைக் கழற்றிப் பெட்டியில் வை, கேட்டால் விரல் வீங்கியிருக்கிறது என்று பொய் சொல் என்றுதான் அர்த்தம். அப்படிச் சொல்லிக்கொண்டே வருடம் ஓட்டுகிறவர்கள் இருக்கிறார்கள்.

விரல் நிஜமாகவே வீங்கிவிடுவதும் உண்டு. பிள்ளை உண்டாகி ஆறேழு மாதம் ஆனதும் மோதிரம் இறங்காது. முதலிலேயே கழற்றி வைத்தால் பிழைத்தது. இல்லையென்றால் நூலைச் சுற்றி வழுக்க வைத்து உருவப் பார்ப்பார்கள், முடியாமல் போனால் ஆஸ்பத்திரியிலோ தீயணைப்பு நிலையத்திலோ வெட்டி எடுப்பார்கள். வெட்டிய மோதிரம் வாயைப் பிளந்துகொண்டு என் மேஜைக்கு வரும். அளவு கூட்டுவதும் குறைப்பதும் கல் இறுக்குவதைவிடப் பெரிய வேலை. வளையத்தை அறுத்து, துண்டு சேர்த்தோ எடுத்தோ, ஒட்டவைக்கிற பொடி வைத்து நெருப்பு ஊதி, அராவி, மெருகு போட வேண்டும். அறுக்கிற இடம் எது என்பதில்தான் பத்தரின் பொறுமை தெரியும். உள்பக்கத்தில் ஹால்மார்க் குறிகள் ஒரு பக்கம். மாப்பிள்ளை பெயரும் நிச்சயம் நடந்த தேதியும் பொறித்திருந்தால் அது இன்னொரு பக்கம். இரண்டையும் விட்டுவிட்டு அறுக்க வேண்டும். அவசரத்தில் குறிகளின் மேலேயே அறுத்துவிட்டாலோ மெருகு மெஷினில் தேய்த்து அழித்துவிட்டாலோ, நாளை மாற்றப் போகும்போது ‘ஆறு இலக்கம் எங்கே’ என்று கேட்பார்கள். சுற்றிலும் கல் பதித்த மோதிரத்தைப் பெரும்பாலும் அளவு மாற்ற முடியாது. சுலபமாக முடியும் என்று யாராவது சொன்னால் அந்தக் கடையிலிருந்து எழுந்து வந்துவிடுங்கள்.

ஊதுகிற பொடியையும் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். 18 காரட் மோதிரத்துக்கு 18 காரட் பொடிதான் போட வேண்டும். மட்டமான பொடியை வைத்தால் வேலை சுலபம், இணைப்பில் தூய்மை இறங்கிவிடும். பெரியவர்கள் இன்னமும் “கேடிஎம்தானே?” என்று கேட்கிறார்கள். அது காட்மியம் கலந்த பொடி. ஊதும்போது வருகிற புகை எத்தனையோ பத்தர்களின் நுரையீரலைக் கெடுத்தது. அதைப் பெருமையாகப் போர்டில் எழுதி வைத்திருந்த காலம் ஒன்று இருந்தது.

பெற்ற தாயின் பொன்னிலும் மாப்பொன் எடுப்பான் தட்டான் என்று ஒரு பழமொழியைச் சொல்லிவிட்டுத்தான் சிலர் நகையையே மேஜையில் வைப்பார்கள். எங்கள் பத்தர் காதில் அது விழும். அராவினால் தூள் விழத்தான் செய்யும், மெருகு போட்டால் பஞ்சில் பொன் ஒட்டத்தான் செய்யும். பட்டறை மண்ணை விலை கொடுத்து வாங்கி அரித்துப் பொன் எடுத்துப் பிழைக்கிறவர்கள் இருக்கிறார்கள் என்றால் அந்த மண்ணில் பொன் இருக்கிறது என்றுதான் அர்த்தம். எவ்வளவு விழலாம் என்பதுதான் கேள்வி, அதற்குத் தராசு இருக்கிறது. முன்பெல்லாம் செட்டிநாட்டு ஆச்சிமார்கள் பத்தரை வீட்டுக்கே வரவழைத்து, திண்ணையில் உட்கார வைத்து, எதிரில் உட்கார்ந்து வேலை வாங்குவார்களாம். நம்பிக்கை இல்லை என்று யாரும் கோபித்துக்கொண்டதில்லை, அதுதான் முறை. இப்போது நகை கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் போய்விடுகிறது. திண்ணைக்குப் பதிலாக ஏதாவது ஒன்று வேண்டாமா?

எடை என்பது தங்கத்தைக் காக்க மட்டும் என்று நினைக்கிறோம். கல்லையும் அது காக்கும், இதைப் பலர் அறிவதில்லை. கல்லுக்குக் காரட் என்பது எடை: ஒரு காரட் 200 மில்லிகிராம், அதில் நூறில் ஒரு பங்கு ஒரு சென்ட். 30 சென்ட் வைரம் 60 மில்லி. அதே அளவு ஏடி கல்லை அந்த இடத்தில் வைத்தால் கிட்டத்தட்ட 100 மில்லி இருக்கும், ஏனென்றால் ஏடி கல் வைரத்தைவிடக் கனமானது. ஆக, கொக்கி மட்டும் இறுக்கக் கொடுத்த மோதிரம் 3 கிராம் 420 மில்லியாகப் போய் 3 கிராம் 460 மில்லியாகத் திரும்பினால், ‘எடை கூடத்தானே செய்திருக்கிறது’ என்று சந்தோஷப்படக் கூடாது. மூன்று தசமம் காட்டுகிற தராசு இதைச் சொல்லிவிடும். தராசுக்குத் தொழிலாளர் துறையிலிருந்து ஆண்டுக்கொரு முறை முத்திரை வைக்கிறார்கள், சான்றிதழைக் கடையில் மாட்டியிருப்பார்கள். கண்ணை அந்தப் பக்கம் ஒரு தடவை ஓட்டுங்கள்.

நான் கேட்பது இதுதான். ரிப்பேருக்கு நகை வாங்குகிற கடை, அது யார் விற்றதாக இருந்தாலும், துண்டுச் சீட்டுக்குப் பதில் முழு ரசீது எழுத வேண்டும். கொடுக்கும்போது எடை. உள்ளே இருக்கிற குறிகள், அந்த ஆறு இலக்கம் உட்பட. எத்தனை கல், நடுக்கல் எவ்வளவு அகலம், எந்தக் கொக்கி தேய்ந்திருக்கிறது, எங்கே சில்லு. கல் என்ன என்று உறுதியாகத் தெரியாவிட்டால் ‘வெள்ளைக் கல், வாடிக்கையாளர் வைரம் என்கிறார்’ என்று அப்படியே எழுதலாம், அதில் யாருக்கும் அவமானமில்லை. சான்றிதழ் பெற்ற வைரங்கள் பலவற்றில் பக்கவாட்டு விளிம்பில் லேசரால் சான்றிதழ் எண்ணைப் பொறித்திருப்பார்கள். அதை லென்ஸில் வாடிக்கையாளரையே பார்க்கச் சொல்லி, எண்ணை ரசீதில் ஏற்றிவிட்டால் பாதிச் சண்டை அங்கேயே முடிந்தது. லென்ஸ் வழியாக அவர் செல்போனிலேயே ஒரு படம். என்ன வேலை, எவ்வளவு கூலி, பொன் சேர்த்தால் எத்தனை மில்லி, எந்தக் காரட். திரும்பக் கொடுக்கும்போது மறுபடி எடை, அவர் கண் முன்னால்.

இதற்கு எவ்வளவு நேரம் ஆகும்? ஒரு காபி ஆறுகிற நேரம். அந்தப் பக்கத்துத் தெருச் சண்டைக்குப் பிறகு நான் முதலாளியிடம் சண்டை போட்டு இப்படி ஒரு ரசீது அச்சடிக்க வைத்தேன். வேறு கடை நகையை வாங்குவதில்லை என்ற உத்தரவை அவரே தளர்த்திக்கொண்டார், ‘உன் பொறுப்பு’ என்ற எச்சரிக்கையோடு. அதிலிருந்து வேறு கடை மோதிரங்கள் வருகின்றன, போகின்றன. வாங்க முடியாத நகையை ஏன் வாங்க முடியாது என்றும் சொல்ல முடிகிறது. “இந்த மரகதத்துல ஏற்கெனவே கோடு இருக்கும்மா, தொட்டா பிளந்துரும், அப்படியே போட்டுக்கோங்க” என்று காட்டிச் சொன்னால் யாரும் கோபித்துக்கொள்வதில்லை. காரணம் சொல்லாமல் ‘எங்க நகை இல்ல’ என்பதில்தான் கோபம் வருகிறது.

ரசீது என்பது கடைக்காரர் மனம் வைத்துத் தருகிற சலுகையும் அல்ல. 2020 ஜூலையில் நடைமுறைக்கு வந்த 2019-ம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின்படி, விற்ற பொருளுக்கோ செய்த சேவைக்கோ முறையாக ரசீது தராதது நேர்மையற்ற வணிக நடைமுறை. கூலி வாங்கிக்கொண்டு மோதிரம் பழுது பார்ப்பதும் சேவைதான். தேசிய நுகர்வோர் உதவி எண்ணான 1915-க்குப் பேசலாம். மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் நீங்கள் குடியிருக்கிற ஊரிலேயே வழக்குப் போடலாம், கொடுத்த தொகை 5 லட்சத்துக்குள் இருந்தால் கட்டணமும் இல்லை. ஆனால் கையில் ‘மோதிரம் 1, ரிப்பேர்’ என்கிற சீட்டை வைத்துக்கொண்டு எந்த ஆணையத்தில் போய் எதை நிரூபிப்பது? ஊருக்கு ஊர் நகை வியாபாரிகள் சங்கம் இருக்கிறது. விலை நிர்ணயிக்கக் கூடுகிறார்கள், அட்சய திருதியைக்கு வாசலில் பந்தல் போடுவது பற்றிக் கூடுகிறார்கள். எல்லாக் கடைக்கும் பொதுவாக ஒரு ரிப்பேர் ரசீதைத் தயாரிக்க ஒருமுறை கூடலாம்.

வாங்கிய கடையின் வாக்குறுதிகளைப் பற்றியும் ஒரு சொல். வாழ்நாள் இலவசப் பராமரிப்பு, வைரத்துக்கு முழு மதிப்பில் மாற்று என்றெல்லாம் சொல்லித்தான் விற்கிறார்கள். அதோடு, வெளியில் கை வைத்தால் செல்லாது என்றொரு வரி பில்லின் பின்பக்கம் பொடி எழுத்தில் இருக்கலாம். இருக்கிறதா என்று படியுங்கள். கழுவுவது, கொக்கியை இறுக்குவது இரண்டும் நகையின் உருவத்தை மாற்றாத வேலை. அளவு மாற்றுவதோ நடுக்கல்லைக் கழற்றுவதோ வேறு. பில் கையிலிருந்து, வாங்கிய கடைக்குப் போகவும் முடியுமென்றால் பெரிய வேலையை அங்கேயே கொடுப்பதுதான் நல்லது. நான் எங்கள் கடைக்கு வியாபாரம் பிடிக்க இதை எழுதவில்லை.

திண்டுக்கல் சகோதரிக்கு: கல் ஆடுகிறது என்று தெரிந்த பிறகு மோதிரத்தைப் போடாதீர்கள். காதருகே வைத்து விரலால் லேசாகத் தட்டினால் சத்தம் கேட்கும், அதுவே போதும் அடையாளம். வீட்டில் டூத் பேஸ்ட் போட்டுத் தேய்க்க வேண்டாம், அது தங்கத்தைக் கீறும். வெதுவெதுப்பான நீரில் கொஞ்சம் சோப்போ பூந்திக்கொட்டைத் தண்ணீரோ கலந்து மெல்லிய பிரஷ்ஷால் துடைத்தால் போதும், அதையும் வாஷ்பேசினில் வைத்துச் செய்யாதீர்கள். கடையில் முதல் கேள்வியாக ‘எவ்வளவு ஆகும்’ என்று கேட்பதைவிட, ‘ரசீதில் என்னென்ன எழுதுவீர்கள்’ என்று கேளுங்கள். எழுத மாட்டோம் என்கிற கடையில், அது நீங்கள் மோதிரம் வாங்கிய கடையாகவே இருந்தாலும், கொடுக்காதீர்கள். அவசரமில்லை என்றால் ஆடி மாதத்தில் போங்கள். தையிலும் வைகாசியிலும் ஆவணியிலும் முகூர்த்த நகைக்கு நடுவே உங்கள் மோதிரம் உறையிலேயே கிடக்கும். ஆடியில் கல்யாணம் கிடையாது, கல் பதிக்கிறவர் கையில் வேலை குறைவு. காலை பதினோரு மணிக்குப் போனால் மேலே கூட்டிப்போய் எதிரில் உட்கார வைத்தே இறுக்கிக் கொடுத்துவிடுவார்.

இப்படிக்கு,
நகைக்கடை ரிப்பேர் கவுண்டர் ஊழியர்,
மதுரை.

(ஆசிரியருக்கு: என் பெயரையும் கடைப் பெயரையும் தயவுசெய்து போட வேண்டாம். எங்கள் முதலாளி உங்கள் பத்திரிகையைத்தான் காலையில் முதலில் படிப்பார்.)